செத்தவனின் கால்சட்டை

ஞானஜோதிக்கு முதல் அறை விழுந்தது இடது கன்னத்தில். இரண்டாவதும் அங்கேயே. மூன்றாவதை அவள் கையைத் தூக்கித் தடுத்திருக்கலாம். தூக்கவில்லை. அவளுடைய இரண்டு கைகளும் இடுப்பில் இருந்தன. கொழுந்தன் வினோ ஒரு கையால் அவளை அறைந்துகொண்டே மறு கையால் அவள் போட்டிருந்த கால்சட்டையைக் கீழே இழுத்துக்கொண்டிருந்தான். கையை எடுத்தால் முகம் தப்பும், மானம் போய்விடும். அவள் இடுப்பைப் பிடித்துக்கொண்டு முகத்தைக் கொடுத்தாள்.

காலை ஏழரை மணி. மூணாறுக்கு மேலே உள்ள ஒரு தேயிலை எஸ்டேட்டின் மஸ்டர் களம். அன்றைய வேலைக்குப் பேர் கூப்பிடுகிற இடம். எண்பது பேர் நின்றார்கள். இரண்டு நிமிடம் முன்புவரை அத்தனை பேரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

"யாருட்டி அது, புது சூப்பர்வைசரா?"

"சூப்பர்வைசர் இம்புட்டு அழகா இருந்தா நான் மூணு சாக்கு கூடப் பறிப்பேனே!"

"யக்கா, பின்னால திரும்பிக் காமி. பாக்கெட் எத்தன இருக்குன்னு எண்ணணும்."

கேலிக்கு ஞானஜோதியும் உதட்டோரம் சிரித்தபடிதான் வந்தாள். முப்பத்தாறு வயது. தலைமுடியைச் சுருட்டித் தொப்பிக்குள் திணித்திருந்தாள். மேலே முழுக்கைச் சட்டை, கீழே கறுப்புக் கால்சட்டை, முழங்காலில் பச்சைக் கித்தான் ஒட்டு. அந்த ஒட்டைப் பார்த்ததும்தான் வினோவின் முகம் மாறியது.

"கழட்டுட்டி! எங்க அண்ணன் துணி அது. கழட்டுட்டி!"

பதினேழு வருஷமாக அவளை 'மதினி' என்று மட்டுமே கூப்பிட்டவன். சூப்பர்வைசர் பினு ஓடிவந்து பின்னாலிருந்து கட்டிப்பிடித்து இழுத்த பிறகுதான் அவன் கை விலகியது. ஞானஜோதியின் கீழுதடு கிழிந்து தொங்கியது. சட்டைக் காலரெல்லாம் ரத்தம். பினு பேர் கூப்பிட்டான். அவள் பேர் வந்ததும் ரத்தத்தைத் துப்பிவிட்டு, "இருக்கேன்" என்றாள்.

அந்த லயங்களில், தொழிலாளர் வரிசை வீடுகளில், உடுப்பு மாறிய கதையைக் கேட்டால் பெண்கள் வருஷம் சொல்லமாட்டார்கள். அடி வாங்கினவள் பேரைச் சொல்வார்கள். செருப்பு என்றால் பாக்கியத்தம்மாள். அட்டை கடிக்குப் பயந்து ரப்பர் செருப்பு போட்டுக்கொண்டு கங்காணி முன்னால் நடந்தாள். அந்தச் செருப்பைக் கயிற்றில் கட்டிக் கழுத்தில் மாட்டி, மலை முழுக்க நடக்கவைத்தான் கங்காணி. சேலைக்கு மேல் ஆம்பிளைச் சட்டை என்றால் அந்தோணியம்மாள். மழைக் குளிருக்குப் புருஷன் சட்டையைப் போட்டவளை மாமியார் விறகுக் கட்டையால் அடித்து, முழங்கைச் சில்லைப் பெயர்த்தாள். பத்து வருஷம் கழித்து அதே மாமியார் அதே மாதிரிச் சட்டை போட்டுக்கொண்டுதான் கொழுந்து பறித்தாள். நைட்டி என்றால் ஜெசிந்தா. குழாயடிக்கு நைட்டியில் வந்தவளை, அத்தனை பொம்பளைகளும் பார்க்க, புருஷன் சவரப் பிளேடால் கழுத்திலிருந்து கரண்டைக்கால்வரை கிழித்தான். துணியோடு தோலும் கிழிந்தது. இன்றைக்கு அந்த லயத்தில் நைட்டி இல்லாத வீடு கிடையாது. தோளில் ஒரு துண்டைப் போட்டுக்கொண்டு ரேஷன் கடைக்கும் அதிலேயே போகிறார்கள். பிளேடு எடுத்த அந்தப் புருஷனே போன கிறிஸ்துமஸுக்கு ஜெசிந்தாவுக்கு இரண்டு நைட்டி எடுத்துக் கொடுத்தான்.

கால்சட்டைக்கு மட்டும் அதுவரை பேர் இல்லாமலிருந்தது.

ஞானஜோதியின் புருஷன் சூசையப்பன் ஆடி மழையில் செத்தான். கொழுந்து வெட்டுகிற மெஷினை இறக்கி வைத்துவிட்டு மரத்தடியில் ஒதுங்கியவன் மேல் சில்வர் ஓக் கிளை முறிந்து விழுந்தது. தலை இருந்த இடத்தில் தலை இல்லை. அடையாளம் காட்டப் போன ஞானஜோதி, கால்சட்டையின் முழங்கால் ஒட்டைப் பார்த்துத்தான் "இவருதான்" என்றாள். அந்த ஒட்டை அவள்தான் தைத்திருந்தாள்.

வேலையில் செத்தவனுடைய பேரை, அதாவது அவனுடைய நிரந்தர வேலையை, வீட்டில் ஒருவருக்கு எழுதிக் கொடுப்பது வழக்கம். பேர் யாருக்கோ, லயத்து வீடும் அவருக்கு. ஞானஜோதி பதினாறு வருஷம் கொழுந்து பறித்தும் தற்காலிகக் கணக்குத்தான். வினோவும் அப்படித்தான், ஏலத்தோட்டக் காண்ட்ராக்டில் அலைகிறவன்; அண்ணன் பேரைக் கேட்டுத்தான் மஸ்டர் களத்துக்கு வந்துபோய்க்கொண்டிருந்தான். சாந்தன்பாறையில் அவனுக்குப் பெண் பேசியிருந்தார்கள். பெண்ணின் அப்பா கேட்டது ஒன்றே ஒன்று: "பையன் பெர்மனன்டா?" ஆக, செத்தவனின் ஒரு பேருக்கு இரண்டு பேர். பேர் கிடைக்காவிட்டால் ஞானஜோதியும், பத்தாம் வகுப்புப் படிக்கிற மகள் சோனாவும் வீட்டைக் காலி செய்துவிட்டு இறங்க வேண்டியதுதான். இறங்கிப் போக அவர்களுக்கு ஊர் கிடையாது.

பினு ஆபீஸ் வாசலில் வைத்து அவளிடம் மலையாளம் கலந்த தமிழில் தெளிவாகச் சொல்லிவிட்டான். "சேச்சி, சூசையப்பன்டெ பேரு மெஷின் கேங்கிலாணு. மெஷின் பிடிக்கிற ஆளுக்கே பேர் எழுதும். சேலை கட்டி மெஷின் பிடிக்கான் பற்றில்ல, முடியாது. பேண்ட், பூட்ஸ். அதாணு ரூல்."

"பேண்ட் போட்டா எழுதுவீங்களா சார்?"

பினு சிரித்தான். "போட்டிட்டு வா, நோக்கலாம்."

மூணாறு கடைத்தெருவில் புதிதாக ஒன்று எடுத்திருக்கலாம். எடுக்காததுதான் அவள் செய்த தப்பு. தோழி லில்லிபாய் பிறகு அதை முகத்துக்கு நேராகச் சொன்னாள். "புதுசு போட்டிருந்தேன்னா, பொம்பள பேண்ட் போட்டான்னு நாலு நாள் சிரிச்சிட்டுப் போயிருப்பானுக. நீ செத்தவன் துணியப் போட்டுட்டியே மூதி!"

அந்தக் குடும்பங்களில் முப்பதாம் நாள் பூசை முடிந்ததும் செத்தவனின் துணிமணிகளை மடித்துப் பாயில் வைப்பார்கள். பொண்டாட்டி எடுத்துக் கொடுக்க, கூடப் பிறந்தவன் வாங்கிக்கொள்ள வேண்டும். ஒரு துணிகூட வீட்டில் தங்கக் கூடாது. தங்கினால் செத்தவன் வாசலை விட்டு நகரமாட்டான் என்பார்கள். அவன் துணியை எவன் உடுத்துகிறானோ அவனே அவன் இடத்தில் நிற்கிறவன். ஞானஜோதி சட்டைகளைக் கொடுத்தாள், வேட்டிகளைக் கொடுத்தாள், மழைக்கோட்டைக் கொடுத்தாள், அவன் வாட்சைக்கூட எடுத்துக் கொடுத்தாள். வினோ எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டு கேட்டான்:

"வேலைக்குப் போடுற பேண்ட் எங்க மதினி?"

"ரத்தமா இருந்துச்சு தம்பி. எரிச்சிட்டேன்."

எரிக்கவில்லை. மூன்று தடவை ஊறவைத்துத் துவைத்து, விறகுக்குப் பின்னால் ஒளித்திருந்தாள். அட்டை ஏறாத கெட்டித் துணி, முட்செடி கிழிக்காத முழங்கால். மெஷின் வேலைக்கு அதைவிட நல்லது கடையில் கிடைக்காது என்பது ஒரு கணக்கு. அவன் துணி அத்தனையும் அடுத்த வீட்டில், வினோவின் கொடியில் காய்வதைப் பார்க்கப் போகிறோமே, ஒன்றாவது நம்மிடம் இருக்கட்டும் என்பது இன்னொரு கணக்கு. அதை அவள் யாரிடமும் சொல்லவில்லை.

மஸ்டர் களத்து அடிக்கு மறுநாள் அவள் கால்சட்டையின் மேல் நைலான் கயிற்றை இரண்டு சுற்று சுற்றி முடிச்சுப் போட்டுக்கொண்டு வந்தாள். வினோ அன்றைக்கு வரவில்லை. லயத்துப் பிள்ளைகள் வந்தன. கூரைமேல் கல்லெறிந்துவிட்டு, "பேய்க்கு பேண்ட்டு, பேய்க்கு பேண்ட்டு" என்று கத்திவிட்டு ஓடின.

ஞாயிறு பூசை முடிந்ததும் கோயில் கமிட்டி அவளைக் கூப்பிட்டது. நாலு பெரிய மனிதர்கள், ஒரு பெஞ்சு. ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம். வினோ முன்வரிசையில் இருந்தான். லயத்திலேயே உடுப்பில் அவனை மிஞ்ச ஆள் கிடையாது. முழங்கால் இரண்டும் கிழிந்த ஜீன்ஸ், காதோரம் வழித்த தலை, நடுமுடிக்குச் செம்பட்டை நிறம். எந்தக் கமிட்டியும் அவனிடம் ஒரு நாளும் ஏன் என்று கேட்டதில்லை.

"அந்தத் துணியக் கொழுந்தன் கையில குடுத்துட்டு மன்னிப்புக் கேளும்மா" என்றார் தலைவர். "சேலை கட்டு. விதவப் பொம்பளைக்கு ஒரு ஒழுங்கு இல்லையா?"

"சேலை கட்டுனா மெஷின் தரமாட்டாங்க."

"மெஷின வினோ பிடிப்பான். ஒனக்கு என்னத்துக்கு?"

அப்போது பெண்கள் பக்கத்திலிருந்து லில்லிபாய் எழுந்தாள். மெஷினுக்குப் பின்னால் கொழுந்துச் சாக்கைத் தூக்கிக்கொண்டு நடக்கிற வேலை பார்த்தவள். வலது கையைத் தலைவரின் மூக்குக்கு நேராக நீட்டினாள். மோதிர விரலும் சுண்டுவிரலும் இல்லை.

"சேலையும் அதுக்கு மேல படங்குத் துணியும் ஒழுங்காக் கட்டிக்கிட்டுத்தான் அண்ணே போனேன். முந்தான மெஷினுக்குள்ள போச்சு. இழுக்கப் போன வெரலும் போச்சு. அன்னைக்கு ஒழுங்குன்னு யாரும் ஒரு வெரல் தைச்சுத் தரலையே?"

"ஏ லில்லி, நீ உக்காரு."

"உக்காருதேன். ஆனா எண்ணிட்டு உக்காருதேன். ஒண்ணு, ரெண்டு, மூணு. நாலு கிடையாது!"

பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். சிரிப்பு வினோவைக் கொளுத்திவிட்டது. பெஞ்சைத் தாண்டி வந்து லில்லிபாயை நெஞ்சில் உதைத்தான். அவள் மல்லாக்க விழுந்து, படியில் பின்மண்டை மோதி, காதுவழி ரத்தம் வந்தது. கமிட்டி அத்தோடு கலைந்தது. தீர்ப்பு எதுவும் சொல்லவில்லை. உதைத்தவனையும் யாரும் கேட்கவில்லை.

பினு செவ்வாய்க்கிழமை சோதனை வைப்பதாகச் சொல்லியனுப்பினான். மெஷின் இரண்டு ஆள் பிடிக்கிறது. தேயிலை வரிசைக்கு அந்தப் பக்கம் ஒருவர், இந்தப் பக்கம் ஒருவர் நின்று ஆளுக்கொரு கைப்பிடியைத் தூக்கிக்கொண்டு ஒரே சீராக நடக்க வேண்டும். அரைச் சரிவு முழுக்க அவள் வெட்டிக் காட்டினால் பேர் எழுதுவார்கள். அவளோடு மறுகைப்பிடி பிடிக்க எவனும் வரவில்லை. கடைசியில் டின்டு ஒத்துக்கொண்டான். இருபத்துமூன்று வயதுப் பையன், மெஷின் கேங்கில் புதிது. "யக்கா, வினோ அண்ணன் என்ன ஒண்ணும் செய்யமாட்டாருல்லா?" என்று நாலு தடவை கேட்டான்.

வினோவுக்கும் செய்தி போனது. திங்கட்கிழமை மத்தியானம், ஞானஜோதி தேயிலைக் காட்டில் இருந்தபோது, அவன் கதவை உதைத்துத் திறந்தான். பரீட்சை லீவில் சோனா வீட்டில் இருந்தாள். வினோ கால்சட்டையைத் தேடினான். அது காட்டில், ஞானஜோதியின் காலில் இருந்தது. அவன் யோசிக்கிற நிலையில் இல்லை. டிரங்குப் பெட்டியைத் தலைகீழாகக் கவிழ்த்து, கொடியில் கிடந்ததைப் பிடுங்கி, எல்லாவற்றையும் வாசலில் குவித்து மண்ணெண்ணெய் ஊற்றினான். கல்யாணச் சேலை, பூசைக்குக் கட்டுகிற வெள்ளைச் சேலை, நைட்டிகள், உள்பாவாடைகள், கொழுந்து பறிக்கும்போது இடுப்பில் கட்டுகிற படங்குகூட.

சோனா அவன் மணிக்கட்டைக் கடித்தாள். அவன் உதறியதில் விறகடுக்கின் மேல் போய் விழுந்தாள். முன்கை எலும்பு முறிந்த சத்தம் இரண்டு பேருக்கும் கேட்டது.

"எனக்கு ஜீன்ஸ் வாங்கிக் குடுத்தது நீங்கதானே சித்தப்பா?" என்று அழுதுகொண்டே கத்தினாள். "போன கிறிஸ்துமஸுக்கு நீங்கதானே! அப்ப ஒண்ணும் தெரியலையா?"

வினோ அவள் பக்கம் திரும்பினான். "நீ படிக்கிற பிள்ள" என்றான். "உங்கம்மா யாரு? எங்கண்ணன் பொண்டாட்டி."

சோனாவின் ஜீன்ஸைக் குவியலிலிருந்து உருவி ஓரமாகப் போட்டுவிட்டுத் தீக்குச்சியைக் கிழித்தான்.

ஞானஜோதி வரும்போது சாம்பல்தான் கிடந்தது. மகளை ஜீப்பில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்க் கட்டுப்போட்டுக் கூட்டிவந்தாள். போலீஸ் ஸ்டேஷனில், "குடும்ப வழக்குதானே, பேசித் தீர்த்துக்கோங்க" என்றார்கள். எழுதிக் கொடுத்துவிட்டு வந்தாள். அன்றைக்கு ஆஸ்பத்திரிக்கும் ஸ்டேஷனுக்கும் அந்தக் கால்சட்டையோடுதான் போனாள். போட்டிருந்ததைத் தவிர அவளிடம் வேறு துணி இல்லை.

செவ்வாய் காலை பனி விலகியதும் சோதனை தொடங்கியது. சரிவின் தலைப்பில் பினுவும் பீல்டு ஆபீசரும் நின்றார்கள். ஞானஜோதி கயிற்றை இழுத்து இன்ஜினை எழுப்பினாள். முதல் வரிசையில் அவள் பக்கம் இறங்கி இறங்கிப் போனது. "லெவல், சேச்சி, லெவல்!" என்று பினு கத்தினான். இரண்டாவது வரிசையில் பிடிபட்டுவிட்டது. வெட்டிய கொழுந்து பச்சை மழையாய்ச் சாக்குக்குள் பாய்ந்தது. ஆபீசர் தலையாட்டினார். இன்னும் மூன்று வரிசை.

நாலாவது வரிசையின் நடுவில் வினோ வந்தான். இன்ஜின் சத்தத்தில் அவளுக்குக் கேட்கவில்லை. டின்டு பார்த்துவிட்டான். வினோவின் கையில் கவாத்துக் கத்தி, ஆண்கள் தேயிலைச் செடியைக் குட்டையாக வெட்டுகிற வளைந்த கத்தி. டின்டு கைப்பிடியைப் போட்டுவிட்டு ஒரே ஓட்டமாக மேலே ஏறினான். ஒரு பக்கம் விழுந்த மெஷின் செடியைக் கடித்துக் குதறியது. ஞானஜோதி என்ன என்று திரும்புவதற்குள் கத்தி அவள் இடுப்பில் இறங்கிவிட்டது.

அவன் குறி கயிறு. கயிறும் அறுந்தது, அடியில் இருந்த சதையும் ஒரு சாண் நீளத்துக்கு வாய் திறந்தது. "கழட்டு!" என்றான். கத்தியின் மரப்பிடியைத் திருப்பி அவள் தாடையில் குத்தினான். உள்ளே ஏதோ இரண்டாகப் பிளந்தது. வாயிலிருந்து ஒரு பல் உதடு தாண்டி வந்து விழுந்தது. கால்சட்டை இடுப்பை விட்டு நழுவத் தொடங்கியது.

ஞானஜோதி இந்தத் தடவை அதைப் பிடிக்கவில்லை.

முதலில் எட்டி இன்ஜினை நிறுத்தினாள். பினு பிறகு எல்லோரிடமும் சொல்லிச் சொல்லி வியந்தது இதைத்தான். நிறுத்தாமல் அந்த மெஷினை அப்படியே அவன் பக்கம் திருப்பியிருக்கலாம். திருப்பியிருந்தால் வினோ இல்லை. இன்ஜின் நின்றது. கால்சட்டை முழங்காலில் வந்து விழுந்தது. மேலே ஆண்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவள் காலடியில் கிடந்த பெட்ரோல் கேனை இரண்டு கையாலும் தூக்கி வினோவின் முகத்தில் அடித்தாள். மூக்கு சப்பையானது. கத்தி இருந்த கையில் அடித்தாள், கத்தி தெறித்தது. முழங்காலில் அடித்தாள், கிழிந்த ஜீன்ஸுக்குள் இருந்த வெள்ளைத் தோலைப் பார்த்து, அந்த இடத்திலேயே மறுபடியும் அடித்தாள். அவன் சரிந்து, செடிகளின் மேல் உருண்டு, கீழே கல் வாய்க்காலில் போய் விழுந்தான். "மதினி, போதும்! மதினி!" என்ற சத்தம் கீழேயிருந்து வந்தது.

அதற்குப் பிறகுதான் குனிந்து கால்சட்டையை மேலே இழுத்தாள். பூட்ஸ் வரைக்கும் ரத்தம்.

இடுப்பில் பதினான்கு தையல். தாடையைக் கம்பி போட்டுக் கட்டினார்கள். ஆறு வாரம் வாய் திறக்கக் கூடாது. வினோவுக்குக் கால் இரண்டு இடத்தில் முறிவு. போலீஸ் இருவர் மீதும் வழக்கு எழுதியது. சாந்தன்பாறைப் பெண்ணின் அப்பா ஆஸ்பத்திரி வாசல்வரை வந்து எட்டிப் பார்த்துவிட்டு அப்படியே திரும்பிவிட்டார். எஸ்டேட் ஆபீஸ் தனியாக ஒரு விசாரணை வைத்தது. வேலை இடத்தில் அடிதடி செய்த பெண்ணுக்குப் பேர் எழுதலாமா கூடாதா என்பது கேள்வி.

விசாரணைக்கு முந்தின நாள் யூனியன் வக்கீல் வந்தார். வயதானவர், நல்லவர். "அம்மா, நாளைக்கு மட்டும் சேலை கட்டிட்டு வாங்க. வெள்ளையா இருந்தா நல்லது. பாக்குறவங்களுக்கு ஒரு இரக்கம் வரும்" என்றார்.

ஞானஜோதி பேச முடியாமல், வாசலில் கறுத்துக் கிடந்த இடத்தைக் காட்டினாள்.

"கடன் வாங்கிக்கலாமே?"

லில்லிபாய் தன் வெள்ளைச் சேலையை மடித்துக் கொண்டுவந்து மடியில் வைத்தாள். தலையில் விழுந்த அடிக்குப் பிறகு அவளுக்கு ஒரு காது கேட்கவில்லை. ஞானஜோதி அந்தச் சேலையை ரொம்ப நேரம் தடவிக்கொண்டிருந்தாள். கட்டினால் வேலை எளிதாக முடியும் என்று அவளுக்குத் தெரியும். மடிப்புக் கலையாமல் லில்லிபாயிடமே திருப்பிக் கொடுத்தாள்.

மறுநாள் மேஜைக்கு எதிரே கால்சட்டையோடு உட்கார்ந்தாள். மேனேஜர் தொரை கேட்கக் கேட்க, சோனாவின் நோட்டுத் தாளில் பதில் எழுதினாள்.

"அவனை அடித்தது உண்மையா?"

*உண்மை.*

"ஓடியிருக்கலாமே?"

*மெஷின் என் பொறுப்பில் இருந்தது.*

"வருத்தம் உண்டா?"

*நாலாவது வரிசை பாதியில் நிற்கிறது. அதை முடிக்கவில்லை.*

தொரை அந்தத் தாளை இரண்டு தடவை படித்தார். பினுவைப் பார்த்தார். "தாடை ஆறட்டும். கூடப் பிடிக்க ஆள் இருந்தால் மிச்சத்தை வெட்டிக் காட்டச் சொல்" என்றார்.

ஆறு வாரம் போனது. கம்பியை அவிழ்த்தார்கள். முகம் இடது பக்கம் கோணிவிட்டது. ஜாமீனில் வந்த வினோ பக்கத்து வீட்டில் கட்டுப்போட்ட காலோடு கட்டிலில் கிடந்தான். இரண்டு வீட்டுக்கும் ஒரே சுவர். அவன் இருமினால் இங்கே கேட்கும். இவள் கதவுக்குப் பின்னால் கத்தி வைத்திருக்கிறாள் என்பது அவனுக்கும் தெரியும்.

ஆள்தான் கிடைக்கவில்லை. மெஷின் கேங்கில் ஒவ்வொருவனும் கைவலி, முதுகுவலி என்றான். சோதனை நாள் காலையில் அவள் தனியாகச் சரிவில் ஏறினாள். மெஷின் பக்கத்தில் டின்டு நின்றுகொண்டிருந்தான். நிமிர்ந்து பார்க்கவில்லை.

"யக்கா, அன்னைக்கு..."

"பேசாத." தாடை சரியாக அசையாததால் சொற்கள் நசுங்கி வந்தன. "வேற ஆள் இல்ல, அதான் ஒன்னச் சேக்கேன். இன்னைக்கு ஓடுனேன்னா மெஷின ஒன் மேலதான் விடுவேன்."

"ஓடமாட்டேன் யக்கா."

"ஓடுவ. பயந்தாங்கொள்ளிப் பய. அந்தப் பக்கம் பிடி."

டின்டு பிடித்தான். பினு மேலே பேர்ப் புத்தகத்தைத் திறந்து, பேனா மூடியை வாயில் கவ்விக்கொண்டு காத்திருந்தான். ஞானஜோதி கயிற்றை இழுத்தாள். இன்ஜின் மூன்றாவது இழுப்பில் எழுந்தது. பாதியில் நின்ற நாலாவது வரிசையில், ரத்தம் விழுந்த செடிகளிலும் புதுக் கொழுந்து வந்து வெட்டுக்கு நின்றிருந்தது.

"தூக்குலே" என்றாள்.